ஒரே சமையலறையில் மூன்று காலங்கள்

மேடையில் ஒரு சமையலறை. அதற்குள் மூன்று குடும்பங்கள் ஒரே நேரத்தில் புழங்குகின்றன. ரோஸும் ஹாரியும் 1960இல் அந்த வீட்டுச் சாவியை வாங்கிய இளம் தம்பதி. ஜாய், 1989இல் லைபீரியாவிலிருந்து உறவினர்களுடன் அடைக்கலம் தேடி வந்த சிறுமி. பாப்பி, காதல் முறிந்து லண்டனை விட்டு 2015இல் அதே வீட்டில் தனியாகக் குடியேறும் பெண். ஒருவர் நின்றுகொண்டிருக்க இன்னொருவர் அவரைச் சுற்றிக்கொண்டு போகிறார். ஆனால் யாரும் யாரையும் பார்ப்பதில்லை. மூவரையும் சேர்த்துப் பார்ப்பவர்கள் அரங்கில் இருக்கும் நாம் மட்டும்தான். 'ஸ்டாண்டிங் அட் தி ஸ்கைஸ் எட்ஜ்' என்ற இசை நாடகத்தின் உயிர் இந்த ஓர் ஏற்பாட்டில் இருக்கிறது.

இங்கிலாந்தின் ஷெஃபீல்டு நகரில், ரயில் நிலையத்துக்குப் பின்னால் மலைச்சரிவில் எழுந்து நிற்கும் பார்க் ஹில் என்ற குடியிருப்புதான் கதைக்களம். நான் இந்த ஊரில் வாழ்கிறேன். ரயிலில் இருந்து இறங்கும் எவர் கண்ணிலும் முதலில் படுவது அந்தக் கான்கிரீட் மதில்தான். நாடகம் 2019இல் இங்குள்ள க்ரூசிபிள் அரங்கில் முதன்முதலாக மேடையேறியது. பெருந்தொற்று குறுக்கிட்டு அடுத்த கட்டத்தைத் தள்ளிப்போட, 2022 டிசம்பரில் மீண்டும் அதே அரங்குக்கு வந்தது. 2023இல் லண்டன் நேஷனல் தியேட்டருக்குப் போய், அந்த ஆண்டின் சிறந்த புதிய இசை நாடகத்துக்கான ஒலிவியர் விருதையும் பெற்றது. 2024இல் லண்டனின் நாடக அரங்குகள் நிறைந்த வெஸ்ட் எண்ட் பகுதியில் ஓர் அரங்கில் மாதக்கணக்கில் ஓடியது. நான் பார்த்தது அதன் சொந்த ஊரில், அந்த 2022 குளிர்காலத்தில். லண்டனில் பார்த்த நண்பர்களும் நெகிழ்ந்துபோனதாகத்தான் சொன்னார்கள். ஆனால் உள்ளூர் ஹெண்டர்சன்ஸ் சாஸ் பாட்டில் பேச்சில் வந்ததற்கே ஓர் அரங்கம் ஆரவாரம் செய்வதை அவர்கள் கேட்டிருக்க வாய்ப்பில்லை. சொந்த வீட்டைப் பற்றிச் சொந்த ஊர்க்காரர்களிடமே பேசும் நாடகத்துக்கு இருக்கும் பொறுப்பு வேறு. ஒரு தெருப்பெயர் தவறினாலும் பின்வரிசையிலிருந்து யாராவது திருத்திவிடுவார்கள்.

கதையை எழுதியவர் கிறிஸ் புஷ். பாடல்கள் ரிச்சர்ட் ஹாலியுடையவை. இருவரும் ஷெஃபீல்டுக்காரர்கள். ஹாலியின் தந்தை எஃகு ஆலைத் தொழிலாளி. நாடகத்தின் தலைப்பு ஹாலி 2012இல் வெளியிட்ட இசைத்தொகுப்பிலிருந்து வந்தது. அதற்கும் மூலம் இந்த ஊர்தான்: பார்க் ஹில்லுக்கு மேலே உள்ள மேட்டுக்கு ஸ்கை எட்ஜ் என்று பெயர். 1920களில் அங்கே நாணயம் சுண்டிப் பணம் கட்டும் சூதாட்டம் நடந்தது. அதைக் கைப்பற்ற இரண்டு ரவுடிக் கும்பல்கள் வெட்டிக்கொண்டன. அந்த மேட்டுக்குக் கீழே, ரயில் நிலையம் வரை இறங்கிய நெருக்கமான சந்துகளுக்குக் 'குட்டிச் சிகாகோ' என்று பட்டப்பெயர் இருந்தது. முதுகோடு முதுகு ஒட்டிய வீடுகள், முற்றத்துக்கு ஒரு குழாய், பல குடும்பங்களுக்குப் பொதுவான கழிப்பறை. பார்க் ஹில் எழும்பியது அந்த மண்ணில்தான்.

இந்த வரலாற்றைக் கொஞ்சம் விரிவாகவே சொல்ல வேண்டும். நாடகம் இதைப் பாத்திரங்களின் வாழ்க்கைக்குள் கரைத்துவிடுகிறது. கட்டடத்தை அறியாதவர்களுக்குப் பாதி தவறிப்போகும்.

ஜாக் லின், ஐவர் ஸ்மித் என்ற இரண்டு இளம் கட்டடக் கலைஞர்கள், மாநகராட்சியின் தலைமைக் கட்டடக் கலைஞர் வோமர்ஸ்லியின் கீழ் இதை வடிவமைத்தார்கள். 1957இல் வேலை தொடங்கியது. 1961இல் தொழிற்கட்சித் தலைவர் ஹியூ கெய்ட்ஸ்கல் திறந்துவைத்தார். ஆயிரத்துக்குச் சில வீடுகளே குறைவு. கூரை மட்டும் ஒரே மட்டத்தில் நேராக ஓடுகிறது. கீழே மலை சரிகிறது. அதனால் மேட்டுப்பக்கம் நான்கு மாடியாக இருக்கும் கட்டடம் பள்ளத்துப்பக்கம் வரும்போது பதின்மூன்று மாடியாகிவிடுகிறது. மூன்று மாடிக்கு ஒரு முறை, சுமார் பத்தடி அகலத்தில் திறந்த நடைபாதை ஒன்று கட்டடம் முழுவதும் நீள்கிறது. பேட்டரியில் ஓடும் பால் வண்டி அதில் வீட்டு வாசல்வரை போகும். மலைச்சரிவு கை கொடுத்ததால் மேட்டுப்பக்கத்தில் இந்தப் பாதைகள் பெரும்பாலும் தரையைத் தொட்டுவிடும். லிஃப்ட் ஏறாமலே வண்டியை உள்ளே ஓட்டலாம். ஆகாயத் தெருக்கள் என்று அவற்றை அழைத்தார்கள். இடிக்கப்பட்ட பழைய தெருக்களின் பெயர்களையே அவற்றுக்குச் சூட்டினார்கள்: கில்பர்ட், ஹேக், லாங் ஹென்றி, நார்விச்.

பெயரை மட்டும் காப்பாற்றியதோடு நின்றுவிடவில்லை. பழைய தெருவில் பக்கத்துப் பக்கத்து வீட்டில் இருந்தவர்களுக்கு, முடிந்தவரை, புதிய கட்டடத்திலும் பக்கத்துப் பக்கத்து வீடுகளையே கொடுத்தார்கள். குடிவந்தவர்களுக்கு உதவ ஒரு சமூகப் பணியாளரை அந்தக் குடியிருப்பிலேயே தங்கவைத்தார்கள். நான் வளர்ந்தது சென்னையில், வீட்டுவசதி வாரியத்தின் அடுக்குமாடி ஒன்றில். கூவம் கரையிலிருந்த குடும்பங்களை வேரோடு பிடுங்கி, வேலையும் பள்ளியும் எட்டாத தூரத்தில் கண்ணகி நகரில் இறக்கிவிட்டதைப் பார்த்த தலைமுறை என்னுடையது. 'பழைய அண்டை வீட்டார் பக்கத்திலேயே' என்ற அந்த ஒரு முடிவின் அருமை எனக்கு உடனே புரிந்தது. அது கட்டடக் கலைஞரின் வரைபடத்தில் தெரியாத வேலை. அதிகாரி ஒருவர் பெயர்ப்பட்டியலோடு உட்கார்ந்து, யார் யாருக்கு வேண்டியவர் என்று கேட்டு எழுதினால்தான் நடக்கும்.

ரோஸும் ஹாரியும் உள்ளே நுழையும் காட்சியில் இந்த மகிழ்ச்சி முழுக்கத் தெரிகிறது. குழாயைத் திறந்தால் சுடுநீர் வருகிறது. வீட்டுக்குள்ளேயே குளியலறை இருக்கிறது. குப்பையைக் கீழே சுமக்க வேண்டாம். பாத்திரம் கழுவும் தொட்டியிலேயே போட்டால் தண்ணீர் அடித்துக்கொண்டு போய்விடும். பிரான்சிலிருந்து வந்த கார்ஷே என்ற ஏற்பாடு அது. என்னோடு வேலை பார்க்கும் மூத்த செவிலியர் ஒருவர் பார்க் ஹில்லில் பிறந்து வளர்ந்தவர். அவர் முதலில் சொன்னதும் அந்தத் தொட்டியைப் பற்றித்தான். "என் அம்மா வருபவர்களை எல்லாம் சமையலறைக்குக் கூட்டிப்போய் அதைத்தான் காட்டுவார். வரவேற்பறையைக் காட்டவே மாட்டார்" என்றார். அவருடைய அம்மாவின் பெருமையை மேடையில் ரோஸின் முகத்தில் பார்த்தேன்.

ஹாரி எஃகு ஆலையில் இளம் வயதிலேயே ஃபோர்மேன் ஆகிறான். துருப்பிடிக்காத எஃகை 1913இல் ஹாரி பிரேர்லி இந்த ஊரில்தான் உருவாக்கினார். கத்தியிலும் கரண்டியிலும் ஷெஃபீல்டு என்ற முத்திரை உலகமெங்கும் போனது. அப்படிப்பட்ட ஊரில் ஃபோர்மேன் என்றால் தெருவே தலை நிமிர்ந்து பார்க்கும். 1980களில் ஆலைகள் ஒவ்வொன்றாக மூடப்படுகின்றன. ஹாரிக்கு வேலை போகிறது. நடிப்பில் இந்தச் சரிவு பெரிய வசனங்களால் வருவதில்லை. முதலில் அவன் உட்காரும் விதம் மாறுகிறது. பிறகு ரோஸிடம் பேசும் குரல் மாறுகிறது. கணவனின் மானம் கெடாமல் வீட்டுச் செலவைச் சமாளிக்க முயலும் மனைவியை நம் ஊர்களில் எத்தனை பேர் வீட்டில் பார்த்திருக்கிறோம். அவனுக்குப் பிறகு ரோஸ் தனியாக நின்று பாடும் பாடலின்போது, என் வரிசையில் இருந்த ஒரு முதியவர் கண்ணாடியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டார். அவர் எந்த ஆலையில் வேலை பார்த்தாரோ.

பார்க் ஹில்லைப் பற்றி முப்பது ஆண்டுகளாக ஒரு கதை சொல்லப்பட்டுவந்தது. கான்கிரீட் கட்டடங்கள் மனிதர்களைக் கெடுத்துவிடும்; மக்களைப் பெட்டிகளில் அடுக்கினால் குற்றம்தான் வளரும்; சமூகத்தை மேலே இருந்து திட்டமிட்டவர்களின் அகம்பாவத்துக்கு இது தண்டனை. பத்திரிகைகள் எழுதின, அரசியல்வாதிகள் மேடையில் பேசினார்கள். பிரிட்டன் முழுவதும் இப்படிப்பட்ட குடியிருப்புகளை வெடிவைத்துத் தகர்ப்பதைக் கூட்டம் கூடிக் கைதட்டிப் பார்த்தது. இதே ஷெஃபீல்டில் இருந்த கெல்வின் குடியிருப்பு தரைமட்டமானது. பக்கத்திலிருந்த ஹைட் பார்க்கிலும் பெரும் பகுதி போனது. பார்க் ஹில் தப்பியதற்குக் காரணம், 1998இல் அது பாதுகாக்கப்பட்ட கட்டடங்களின் பட்டியலில் சேர்க்கப்பட்டதுதான். அதற்கே ஊரில் கடும் எதிர்ப்பு இருந்தது.

இந்த நாடகம் அந்தக் கதைக்குச் சொல்லும் மறுப்பு அதன் வடிவத்திலேயே இருக்கிறது என்பது என் உறுதியான எண்ணம். சுவர் அதே சுவர். ஜன்னலும் அதே ஜன்னல். 1960இல் அந்தச் சுவர்களுக்குள் ஒரு குடும்பம் செழிக்கிறது. 1980களில் அதே குடும்பம் அதே சுவர்களுக்குள் நொறுங்குகிறது. 1989இல் அதே வீடு ஓர் அகதிச் சிறுமிக்கு முதலில் அச்சம் தருகிறது, பிறகு வீடாகிறது. 2015இல் அதுவே வசதியான ஒருவருக்குப் பெருமையான முகவரியாகிவிடுகிறது. கான்கிரீட்தான் குற்றவாளி என்றால் மூன்று கதைகளும் ஒன்றுபோல முடிந்திருக்க வேண்டும். மாறியவை எல்லாம் வெளியே நடந்தவை: ஆலைகள் போயின, பராமரிப்புக்கு மாநகராட்சியிடம் பணம் இல்லாமல் போனது. 1980இல் வந்த சட்டம், மாநகராட்சி வீடுகளில் குடியிருந்தவர்கள் அவற்றைப் பெரும் தள்ளுபடியில் வாங்க வழி செய்தது. விற்ற பணத்தில் புதிய வீடு கட்ட மாநகராட்சிகளுக்குக் கைகள் கட்டப்பட்டன. தோட்டம் வைத்த நல்ல வீடுகள் முதலில் விலைபோயின. வாங்க வழியற்றவர்களும், வேறு போக்கிடம் இல்லாதவர்களும் அடுக்குமாடிகளில் மிஞ்சினார்கள். லிஃப்ட் பழுதானால் பழுதானபடியே கிடந்தது. அந்த நிலையைப் படம்பிடித்துக் காட்டிவிட்டு, கட்டடம் தோற்றுவிட்டது என்றார்கள்.

பேராசிரியர்கள் இதைப் புத்தகங்களில் வாதிட்டிருக்கிறார்கள். ஆனால் மூன்று காலத்து மனிதர்களை ஒரே தரையில் நடக்கவிட்டு, ஒரு சொல்கூட விளக்காமல் காட்டுவதை நான் வேறெங்கும் பார்த்ததில்லை. நாடகக் கலைக்கு மட்டுமே இது கைகூடும். திரைப்படத்தில் காலம் மாறினால் காட்சி வெட்டப்பட்டுவிடும்; முன்னதை மறந்துவிடுவோம். இங்கே ஹாரி குனிந்த தலையோடு உட்கார்ந்திருக்கும்போதே, பாப்பி தன் புதுப் பொருட்களோடு அவனைக் கடந்து போகலாம். பென் ஸ்டோன்ஸ் அமைத்த மேடையும் இதற்கு ஏற்றது. கான்கிரீட் தளங்களும் நடைபாதைகளுமாக இரண்டு அடுக்கு. மேல் அடுக்கில் இசைக்குழு, மாடி வீட்டுக்காரர்களைப்போல, எல்லாருக்கும் தெரியும்படி உட்கார்ந்திருக்கிறது.

மூன்று கதைகளில் என்னைத் தூங்கவிடாமல் செய்தது ஜாயின் கதை. அவள் வரும் காலத்தில் பார்க் ஹில்லுக்குக் கெட்ட பெயர். யாரும் போக விரும்பாத இடத்தில்தான் அகதிகளுக்கு இடம் கிடைக்கும். எந்த நாட்டிலும் இதுவே நடைமுறை. அவளோடு வந்த உறவினர்கள் முதல் நாட்களில் கதவைத் திறக்கவே தயங்குகிறார்கள். அந்தக் கதவு வழியாகத்தான் ஜிம்மி அவள் வாழ்க்கைக்குள் வருகிறான். ஜிம்மி யார் என்றால், ரோஸ், ஹாரி தம்பதியின் மகன். இரண்டு குடும்பங்களின் கதை இப்படிப் பின்னிக்கொள்கிறது. போருக்குத் தப்பி வந்த சிறுமியும், வேலையிழந்த தொழிலாளியின் மகனும். இருவருமே தத்தம் வீட்டின் இழப்பைச் சுமந்தவர்கள் என்பதை வசனம் எடுத்துச் சொல்வதில்லை. இங்கிலாந்தில் வாழும் ஈழத்தமிழ் நண்பர்கள் பலர், எண்பதுகளிலும் தொண்ணூறுகளிலும் இதேபோன்ற கவுன்சில் வீடுகளில்தான் முதல் குளிர்காலத்தைக் கழித்தார்கள். பூட்டிய கதவுக்குப் பின்னால் தொலைபேசிக்குக் காத்திருந்த அம்மாக்களைப் பற்றி அவர்கள் சொல்லக் கேட்டிருக்கிறேன். ஜாயின் வீட்டு மனிதர்கள் பேசிக்கொள்ளும்போது அந்த அம்மாக்கள் நினைவுக்கு வராமல் இல்லை.

பாடல்களைப் பற்றி ஒரு சொல். இவற்றில் பெரும்பாலானவை நாடகத்துக்காக எழுதப்பட்டவை அல்ல. ஹாலி பல ஆண்டுகளாக வெளியிட்ட தொகுப்புகளில் ஏற்கெனவே இருந்தவை. அதனால் பாடல்கள் கதையை ஓர் அடிகூட முன்னே தள்ளுவதில்லை என்று சில விமர்சகர்கள் குறை சொன்னார்கள். குறை உண்மைதான். ஆனால் எனக்கு அது பலமாகவே தெரிந்தது. பாத்திரங்கள் தங்கள் சிக்கலை மெட்டில் விளக்கிக்கொண்டிருப்பதில்லை. மூன்று காலத்து மனிதர்களும் ஒரே பாடலைப் பாடுகிறார்கள். அந்தப் பாடல் அவர்கள் யாருக்கும் சொந்தமில்லை, ஊருக்குச் சொந்தம். விடியலைப் பற்றிய மெல்லிய பாடலோடு நாடகம் தொடங்கும்போது, குடியிருப்பு முழுவதும் ஒவ்வொரு கதவாக விழிப்பதைப்போல் இருந்தது. ஹாலியின் புகழ்பெற்ற பாடல் ஒன்று கோல்ஸ் கார்னரைப் பற்றியது. பழைய பல்பொருள் அங்காடி ஒன்றின் மூலை அது; ஷெஃபீல்டின் காதலர்கள் தலைமுறை தலைமுறையாகச் சந்தித்துக்கொள்ளக் குறித்த இடம். அப்படியொரு பாடல் ஒலிக்கும்போது அரங்கில் இருந்த வயதான தம்பதிகள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள்.

பாப்பியின் கதைதான் மெலிந்து நிற்கிறது. அவளுடைய தனிமை மெய்யானது. பழைய காதலி நிக்கி வந்து கதவைத் திறக்கச் சொல்லிப் பாடும் பாடல் அரங்கையே உலுக்கியது. இருந்தாலும் ஹாரிக்குப் போனது வாழ்வாதாரம், ஜாய்க்குப் போனது நாடு. பாப்பிக்கு உடைந்த காதலை அவற்றுக்குச் சமமாக நிறுத்த நாடகம் முயலும் இடங்களில் என் மனம் ஒட்டவில்லை. இரண்டாம் பாதியில் வரும் ஒரு மரணமும், முடிச்சை அவிழ்க்க அவசரமாக வைத்ததாகப் பட்டது. பாப்பிக்கு வீட்டைக் காட்டும் தரகர் யார் என்பதை இங்கே சொல்ல மாட்டேன். இனிப் பார்க்கப்போகிறவர்களுக்கு அந்தத் தருணம் மிஞ்ச வேண்டும்.

பாப்பி இல்லாவிட்டால் கதை முழுமையாகாது என்பதையும் ஒப்புக்கொள்ள வேண்டும். அவளைப் போன்றவர்கள்தான் இன்றைய பார்க் ஹில். மாநகராட்சி இந்தக் கட்டடத்தை அர்பன் ஸ்பிளாஷ் என்ற கட்டுமான நிறுவனத்தின் கையில் கொடுத்தது. கான்கிரீட் எலும்புக்கூட்டை விட்டுவிட்டு, செங்கற்களை எடுத்துவிட்டு, பளிச்சென்ற வண்ண அலுமினியத் தகடுகளைப் பதித்தார்கள். முதல் பகுதி 2013இல் பிரிட்டனின் புகழ்பெற்ற ஸ்டர்லிங் கட்டடக்கலைப் பரிசின் இறுதிப்பட்டியலில் இடம்பெற்றது. இரண்டாம் பகுதியைச் செய்த மிக்கைல் ரிச்சஸ் குழு பழைய செங்கற்களுக்கு மதிப்புக் கொடுத்தது. அது எனக்கு இன்னும் பிடிக்கும். இன்னொரு பகுதி மாணவர் விடுதியாகிவிட்டது. கட்டடம் பிழைத்துவிட்டது, அழகாகவும் இருக்கிறது. ஆனால் முழுக்க முழுக்க மாநகராட்சி வாடகை வீடுகளாக இருந்த இடத்தில், இன்று அப்படிக் குறைந்த வாடகைக்குக் கிடைப்பவை சிறுபான்மை. பழைய குடித்தனக்காரர்கள் காலி செய்யப்பட்டபோது, பட்டியலோடு உட்கார்ந்து யார் யாருக்கு அண்டை வீட்டார் என்று கேட்க 1961இன் அந்த அதிகாரி இல்லை.

மேடையில் ஒளிரும் நியான் எழுத்துகளும் இங்கிருந்து வந்தவைதான். 2001இல் ஓர் இளைஞர், இரண்டு கட்டடங்களை இணைக்கும் உயரப் பாலத்தில் தொங்கிக்கொண்டு, 'உன்னைக் காதலிக்கிறேன், என்னை மணந்துகொள்வாயா' என்று தன் காதலிக்கு எழுதினார். நிறுவனம் அதை நியான் விளக்காக்கியது; விளம்பரங்களிலும் பயன்படுத்தியது. பனியன்களிலும் அந்த வரி அச்சாகி விற்றது. ஆனால் பாலத்தில் வரிக்கு முன்னால் அந்தப் பெண்ணின் பெயரும் இருந்தது. விளக்குப் போட்டபோது பெயரை மட்டும் விட்டுவிட்டார்கள். அதற்குள் அந்தப் பெண் புற்றுநோயில் இறந்துபோயிருந்தார். ஏழை ஒருத்தியின் பெயரை நீக்கிவிட்டு அவளுக்கு எழுதிய காதலை வீடு விற்கப் பயன்படுத்துவதை என்னால் ஏற்க முடியவில்லை. நாடகமும் அந்த எழுத்துகளை மேடைமேல் தூக்கி வைத்து ஒளிரவிடுகிறது. அரங்கம் பெருமூச்சு விட்டது. எனக்கு அந்த ஒளி கண்ணை உறுத்தியது. ஹாரிக்கும் ஜாய்க்கும் இவ்வளவு நேர்மையாக இருந்த நாடகம், இந்த இடத்திலும் அந்தக் கேள்வியை இன்னும் கூர்மையாகக் கேட்டிருக்க வேண்டும்.

என்னுடன் வேலை பார்க்கும் அந்தச் செவிலியர் நாடகத்தைப் பார்த்துவிட்டு வந்த மறுநாள், ஓய்வறையில் தேநீரோடு வெகுநேரம் பேசிக்கொண்டிருந்தார். ரோஸ் பேசும் விதம் அப்படியே தன் அம்மா என்றார். நடிகை சமையலறையில் நிற்கும் நிலைகூட அம்மாதான் என்றார். பிறகு, தன் மகள் மாநகராட்சி வீட்டுக்குப் பதிவு செய்துவிட்டு ஆண்டுக்கணக்கில் காத்திருப்பதைச் சொன்னார். பார்க் ஹில்லில் வாடகை கேட்டுப் பார்த்தாளா என்று கேட்டேன். பார்த்தாளாம். சம்பளத்தில் பாதிக்கு மேல் அதற்கே போய்விடும் என்று இப்போது பக்கத்து ஊரான ரோதர்ஹாமில் ஒரு தனியார் வீட்டில் இருக்கிறாள்; பஸ் பிடித்து இந்த ஊருக்கு வேலைக்கு வருகிறாள். பாட்டிக்கு 1961இல் கிடைத்த சாவி பேத்திக்குக் கிடைக்காது. ஜாயைப்போல இன்று வந்து இறங்கும் ஒரு சிறுமிக்கும் கிடைக்காது. அகதிகளுக்கு இடம் பார்க்கும் வேலை 2012 முதல் தனியார் ஒப்பந்தக்காரர்களிடம் போய்விட்டது. இந்த நாடகம் அடுத்து எங்கே மேடையேறினாலும், அந்தச் சமையலறையில் நான்காவதாக ஒரு நாற்காலி போட்டு அந்தப் பேத்தியையும் உட்காரவைக்க வேண்டும் என்று கிறிஸ் புஷ்ஷுக்கு ஒரு கடிதம் எழுதத் தொடங்கியிருக்கிறேன்.